அரியரத்தினம் அண்ணையும் ஏழாவது தண்ணியும்

கனடாவில் கோட்-டெ-நெய்ஜ் என்கிற பகுதியில் எங்கள் கட்டடத்தின் இரண்டாம் மாடியில் இருப்பவர் அரியரத்தினம் அண்ணை. திருகோணமலைக்காரர். அவரும் நானும் ஒரே ஆஸ்பத்திரியில் துப்புரவு வேலை. பன்னிரண்டு வருசமாக ஒரே பஸ்ஸில் போய் வருகிறோம். நல்ல மனிசன். குளிரைத் தவிர வேறு ஒருவரைப் பற்றியும் குறை கதைக்கமாட்டார்.

குளிரென்றால் அவருக்கு ஆகவே ஆகாது. செப்டெம்பரில் தலையில் கம்பளித் தொப்பி ஏறும். நவம்பரில் அதற்கு மேலே இன்னொன்று ஏறும். பஸ் தரிப்பில் நிற்கமாட்டார். எதிரிலுள்ள டெப்பனர் என்கிற சின்னப் பலசரக்குக் கடைக்குள் நின்றுகொண்டு, பஸ்ஸின் முகம் தெரிந்த பிறகுதான் ஓடி வருவார். கடைக்காரன் பாவம் பார்த்துக் கதவடியில் ஒரு கதிரை போட்டுவிட்டான். கனடாவுக்கு வந்து பதினாலு வருசத்தில் ஸ்னோவைக் கையால் தொட்டதில்லை என்று பெருமையாகச் சொல்வார். அவருடைய மனிசி மீனாம்பிகை அக்கா சொல்வா, "இவர் என்னை விட்டுட்டு ஹீட்டருக்குத் தாலி கட்டியிருக்கலாம். அதுக்குப் பக்கத்திலைதான் கூட நேரம் இருக்கிறவர்."

இரண்டாயிரத்தேழாம் ஆண்டு புரட்டாதியில் அவருடைய தாய் வள்ளிப்பிள்ளை அம்மா ஊரில் மோசம் போய்விட்டா. சண்டைக் காலம். இவரால் போக முடியவில்லை. ஊரிலிருக்கிற தங்கச்சியின் புருசன்தான் கொள்ளி வைத்தார். முப்பத்தோராம் நாள் செய்கிற அந்தியேட்டியாவது தன் கையால் செய்ய வேண்டும் என்று அண்ணை நின்றார். ஆனால் அதிலும் ஒரு சிக்கல். தாய் இருக்கும்போதே போனில் சொல்லி வைத்தது, "என்ரை காரியம் கன்னியாவிலைதான் நடக்கவேணும் மகன். வேறை தண்ணி எனக்கு வேண்டாம்."

கன்னியா என்பது திருகோணமலைக்குப் பக்கத்தில் ஏழு வெந்நீர்க் கிணறுகள் இருக்கிற இடம். கிணற்றுக்குக் கிணறு சூடு வேறு. வாளியால் அள்ளி அள்ளித் தலையில் ஊற்றுவார்கள். தாய் தகப்பனுக்குக் காரியம் செய்ய அந்தப் பக்கத்துச் சைவ ஆட்கள் அங்கேதான் போவார்களாம். நான் மன்னாரில் பிறந்த வேதக்காரி, மாதா கோயில் ஆள். இதெல்லாம் அவர் பஸ்ஸில் சொல்லித்தான் எனக்குத் தெரியும்.

"ஐயரைக் கேட்டனீங்களோ?" என்றேன்.

"கேட்டன் பிலோமினா. ஓடுற தண்ணி எதெண்டாலும் காணும் எண்டுறார். அவருக்கென்ன, அவரின்ரை அம்மாவே சொன்னவ?"

அந்தக் கிழமைதான் எங்கள் பகுதிச் சமூக நிலையத்துச் சுவரில் அந்தப் படத்தைக் கண்டார். வடக்கே காட்டுக்கு ஒருநாள் சுற்றுலா, வழிகாட்டியோடு. படத்தில் தேவதாரு மரங்கள், நடுவில் தண்ணி, தண்ணியிலிருந்து வெண்புகையாக ஆவி. கீழே எழுதியிருந்ததை அவர் வாசிக்கவில்லை. எதற்கு வாசிக்க வேண்டும்? காட்டுக்குள் ஆவி பறக்கிற தண்ணி எப்படி இருக்குமென்று சின்ன வயதிலிருந்தே பார்த்த மனிசன். நாளைக் கணக்குப் பார்த்தால் சரியாக முப்பத்தோராம் நாள், ஞாயிற்றுக்கிழமை.

"அம்மாதான் நாள் குறிச்சு வைச்சிருக்கிறா" என்று என்னிடம் சொல்லும்போது அவருக்குக் கண் கலங்கிவிட்டது. மீனாம்பிகை அக்கா துணைக்கு என்னையும் கூப்பிட்டா. நான் சனி பின்னேரப் பூசையைக் கண்டுவிட்டு ஞாயிறு விடிய வெளிக்கிட்டேன்.

பஸ்ஸடியில் இருபது பேர் நின்றார்கள். எல்லோரும் விளையாட்டுச் சப்பாத்தும் துவாயுமாகச் சிரித்துக்கொண்டு நின்றார்கள். எங்கள் அண்ணை மொட்டைத் தலை, அதற்கு மேல் இரண்டு தொப்பி, காற்சட்டைக்கு மேல் வேட்டி, வேட்டிக்கு மேல் தடித்த ஜக்கெற். கையில் புது நீல வாளி. வாளிக்குள் தர்ப்பை, எள்ளு, வாழைப்பழம், கற்பூரம். மனிசியும் அவரும் விடியத் தொடக்கம் பச்சைத்தண்ணியும் வாயில் வைக்கவில்லை. வைத்தாலும் அவர் சுடவைத்துத்தான் வைப்பார்.

வழிகாட்டி ஜினெட் என்றொரு அம்மா. அறுபது வயதிருக்கும், சிவப்புத் தொப்பி, பனைமரம் மாதிரி நிமிர்ந்த ஆள். ஆட்களை எண்ணிக்கொண்டு வந்தவ வாளியைக் கண்டதும் நின்றுவிட்டா.

"இது எதற்கு?" என்றா பிரெஞ்சில்.

"தண்ணிக்கு" என்றார் அண்ணை.

"அங்கே தண்ணி இருக்கிறது, மிசியூ."

"தெரியும். அதுக்குத்தான் வாளி."

ஜினெட் அம்மா பட்டியலில் அவருடைய பெயருக்கு நேரே சரி போட்டா.

போகிற வழியில் மைக்கைப் பிடித்துக் குளிக்கிற முறையை விளங்கப்படுத்தினா. முதலில் சுடுதண்ணியில் பதினைந்து நிமிசம். அண்ணை சந்தோசமாகத் தலையாட்டினார். மிச்சத்தைச் சொல்லுமுன் பஸ் ஹீட்டரின் சூட்டில் அவர் நித்திரையாகிவிட்டார். விடிய எழும்பிய எங்கள் இருவருக்கும் கண் சொக்கிவிட்டது.

போய் இறங்கியதும் காட்டுக்குள் ஒரு மணித்தியாலம் நடை. ஜினெட் அம்மா ஒவ்வொரு மரத்தையும் தொட்டுத் தொட்டுப் பெயர் சொன்னா. இவர் வாளியைத் தூக்கிக்கொண்டு முன்னால் போய், "இன்னும் எவ்வளவு தூரம், மதாம்?" என்று ஏழு தரம் கேட்டார்.

குளிக்கிற இடத்து வாசலில் அங்கே வேலை செய்கிற ஒரு இளம்பிள்ளை நின்றது. குளிப்பு உடுப்பு கட்டாயம். நெருப்புக் கொளுத்தக் கூடாது. உள்ளே கதைக்கவே கூடாது, வேண்டுமென்றால் குசுகுசுக்கலாம். கற்பூரத்தை வாங்கி வைத்துக்கொண்டு வாளியைத் திருப்பித் தந்தது. அண்ணை அரைக் காற்சட்டை போட்டு அதன் மேல் வேட்டியைச் சுற்றினார். வந்தவர்கள் எல்லோருக்கும் வெள்ளைத் துவாய்ச் சட்டை கொடுத்திருந்தார்கள். பார்த்தால் எல்லோருமே காரியம் செய்ய வந்த ஆட்கள் மாதிரித்தான் இருந்தார்கள்.

வெளியில் வந்து பார்த்தால் படத்தில் இருந்தது மாதிரியே மரங்கள், பாறை, ஆவி. தொட்டி தொட்டியாகச் சுடுதண்ணி. ஒவ்வொன்றுக்கும் ஒரு பலகையில் இலக்கமும் சூடும் எழுதியிருந்தது.

"கிணத்துக்குக் கிணறு சூடு வேறை" என்று குசுகுசுத்தார். முகம் மலர்ந்துவிட்டது. பலகைகளை எண்ணிக்கொண்டு போனார். ஒன்று, இரண்டு, மூன்று... ஆறு. திரும்பி வந்து இன்னொரு தரம் எண்ணினார். ஆறுதான்.

"ஒண்டு குறையுது."

"ஆறு காணாதே? இறங்குங்கோ" என்றா மீனாம்பிகை அக்கா.

அவர் மனமில்லாமல் முதலாம் தொட்டியடியில் குந்தி வாளியைத் தண்ணிக்குள் விட்டார். தூக்கினார். வாளிக்குள் மூக்கை விட்டார். பிறகு வாளியை என்னிடம் நீட்டினார்.

"மணந்து பார் பிலோமினா."

நான் மணந்தேன். எங்கள் இருவருக்கும் அந்த மணத்தை யாரும் சொல்லித்தரத் தேவையில்லை. ஆஸ்பத்திரியில் நாள் முழுக்க அதற்குள்தான் நிற்கிறோம். கழிவறை கழுவுகிற ஜாவெல் தண்ணி மணம்.

"ஜாவெல்" என்றேன்.

"ஓம். மூண்டாந் தளத்துக் கக்கூஸ்."

நேரே ஜினெட் அம்மாவிடம் போய், இந்தத் தண்ணி எங்கேயிருந்து வருகிறது என்று கேட்டார். அந்த மனிசிக்கு நல்ல சந்தோசம். அதுவரை யாரும் ஒரு கேள்வியும் கேட்கவில்லை. கூட்டிக்கொண்டு போய்ப் பின்னுக்கு ஒரு கதவைத் திறந்து காட்டினா. உள்ளே பெரிய பொயிலர் உறுமிக்கொண்டு நின்றது.

திரும்பி வந்து மரவாங்கு ஒன்றில் குந்தியிருந்தார் பாருங்கள், தாய் அன்றைக்குத்தான் செத்தது மாதிரி இருந்தது. அதற்குப் பிறகு நடந்த சண்டை முழுக்கக் குசுகுசுப்பிலேயே நடந்தது.

"பொயிலர் தண்ணியிலை அம்மாவுக்குக் காரியமோ? இதுக்கு வீட்டுக் குழாய்த் தண்ணி என்ன குறை?"

"ஐயர் அப்பவே சொன்னவர். கேட்டனீங்களே?"

"இண்டைக்குப் பொழுது போனால் நாள் போச்சு மீனா. அம்மா அந்தரிச்சுக்கொண்டு நிப்பா."

"மாமி அந்தரிக்கமாட்டா. உங்களைப் பார்த்துச் சிரிச்சுக்கொண்டு நிப்பா."

எனக்கு மனம் பொறுக்கவில்லை. ஜினெட் அம்மாவிடம் போய் எனக்குத் தெரிந்த துப்புரவு வேலைப் பிரெஞ்சில் சொன்னேன்: அவருடைய தாய் செத்து முப்பத்தொரு நாள், இன்றைக்குத் தண்ணி வார்க்க வேண்டும், ஊரில் ஏழு கிணறு, இங்கே ஆறுதான். அவ தன் சிவப்புத் தொப்பியைக் கழற்றினா. சட்டைப் பையிலிருந்து இடத்தின் வரைபடத்தை எடுத்து, அண்ணைக்கு முன்னால் விரித்து, ஒரு மூலையில் விரலை வைத்தா. அதில் ஏழு என்று போட்டிருந்தது.

"ஆறும் நாங்கள் செய்தது. ஏழாவது நல்ல ஆண்டவர் செய்தது" என்றா.

அண்ணை எழும்பிப் பார்த்தார். மரங்களுக்குக் கீழே, கல்லுக் கல்லாகத் தாவிக்கொண்டு ஒரு ஆறு ஓடிக்கொண்டிருந்தது. மரக்கட்டைப் படி ஒன்று தண்ணிக்குள் இறங்கியது. பக்கத்தில் பலகை: ஏழு. சூடு நாலு பாகை.

"நாலோ? நாப்பதிலை சைபர் விடுபட்டுப் போச்சுதோ?" என்றார்.

"விடுபடேல்லை" என்றா மீனாம்பிகை அக்கா. அவவுக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தது. "ஓடுற தண்ணி. ஏழாவதும் இருக்குது. இனி உங்கடை விருப்பம்."

அவர் கனநேரம் பலகையைப் பார்த்தார். பிறகு முதலாவது தொப்பியைக் கழற்றி மனிசியிடம் கொடுத்தார். மெதுவாக இரண்டாவதையும் கழற்றிக் கொடுத்தார். அந்த மொட்டைத் தலையில் காற்றுப் பட்டதும் பார்த்துக்கொண்டிருந்த எனக்குக் குளிர்ந்தது. படியில் இறங்கி ஒரு காலை வைத்தார். எடுத்தார்.

"அம்மா, உங்களுக்காண்டித்தான்" என்று ஆற்றைப் பார்த்துச் சொல்லிவிட்டு, இடுப்பளவு தண்ணிக்குள் போனார்.

ஒரு முழுக்கு. எழும்பும்போது கண் இரண்டும் பிதுங்கி நின்றது. இரண்டாவது. மூன்றாவது. பிறகு படியில் வைத்த வாளியிலிருந்து தர்ப்பையை எடுத்துக் கையில் சுற்றி, எள்ளும் தண்ணியுமாக மூன்று தரம் வார்த்தார். கதைக்கக் கூடாத அந்த இடத்தில், "வள்ளிப்பிள்ளை" என்று தாயின் பெயரை மூன்று தரமும் உரத்துச் சொன்னார். வாசலில் நின்ற பிள்ளை எட்டிப் பார்த்தது. ஜினெட் அம்மா அதற்கு, விடு என்று கையைக் காட்டினா. நான் அந்த ஆத்துமாவுக்காக ஒரு அருள்நிறை மந்திரம் சொன்னேன். தண்ணி இரண்டு சமயத்துக்கும் பொது.

அதற்குப் பிறகு நடந்ததுதான் புதினம். பஸ்ஸில் நாங்கள் நித்திரை கொண்டபோது ஜினெட் அம்மா சொன்ன மிச்சம் அதுதானாம்: சுடுதண்ணிக்குப் பிறகு ஆற்றில் இறங்க வேண்டும். அதுவரை ஒருவரும் துணியவில்லை. இவர் போனதைக் கண்டதும் உடம்பு மொத்தமான ஒரு மனிசன் எழும்பி ஆற்றுக்கு வந்தான். மூன்று முழுக்குப் போட்டான். கையால் தண்ணி அள்ளி மூன்று தரம் விட்டான். அவனுக்குப் பின்னால் வரிசை நின்றது. இருபது பேரும் அப்படியே செய்தார்கள். ஒரு பெண் பிள்ளை கை கூப்பிக்கொண்டே முழுகியது. இதுதான் முறையாக்கும் என்று நினைத்துவிட்டார்கள்.

"மாமிக்கு எத்தினை பிள்ளையள் எண்டு பாருங்கோ" என்றா மீனாம்பிகை அக்கா.

அண்ணைக்குப் பதில் சொல்லப் பல்லு விடவில்லை. ஆறாம் இலக்கத் தொட்டியில் கழுத்தளவு தாழ்ந்து, ஜாவெல் மணத்தைப் பற்றி ஒரு குறையும் சொல்லாமல், பஸ்ஸுக்குக் கூப்பிடும்வரை இருந்தார். திரும்பி வரும்போது பஸ்ஸுக்குள் விரதச் சோற்றை அவிழ்த்தோம். ஜினெட் அம்மாவும் கத்தரிக்காய்க் கறியோடு ஒரு பிடி சாப்பிட்டா.

அடுத்த நாள் அவருடைய தங்கச்சி ஊரிலிருந்து போன் எடுத்தா. நான் அப்போது அவர்கள் வீட்டில் இருந்தேன்.

"ஓம் பிள்ளை, எல்லாம் நல்லபடி முடிஞ்சுது... ஏழாவது தண்ணியிலைதான் செய்தனான்." கொஞ்ச நேரம் அங்கால் சொல்வதைக் கேட்டார். ஹீட்டரோடு ஒட்டிக்கொண்டு இருந்தார், தலையில் இரண்டு தொப்பி. "தண்ணி சுட்டதோ எண்டோ கேக்கிறாய்?"

என்னைப் பார்த்தார். பொய் சொல்கிற மனிசன் இல்லை.

"கால் வைச்ச இடத்திலை நெருப்பாச் சுட்டுது, பிள்ளை" என்றார்.