ஒரு நூல் மங்கல்

உத்திரமேரூரில் பதினெட்டு வருஷமாக வீடியோ கடை வைத்திருக்கும் வசந்த்குமாருக்கு ஒரு தீராத வயிற்றெரிச்சல் உண்டு. அதன் பெயர் பிரிஸ்கில்லா.

மானாம்பதிக்காரி. கல்யாண ஆல்பம் டிசைன் பண்ண அவரிடம் வேலைக்குச் சேர்ந்தவள், அங்கேயே எடிட்டிங் கற்றாள், கேமரா தூக்கினாள், ட்ரோன் விட்டாள். ஒருநாள் வேலையை விட்டு நின்றுகொண்டாள். நாலே வருஷத்தில் ஒரு பேய்ப்படம், நெல் கொள்முதல் நிலையத்தில் காத்துக்கிடப்பவர்களைப் பற்றி ஒன்று, கபடி ஆடும் பெண்களைப் பற்றி ஒன்று. கதை, கேமரா, சவுண்டு எல்லாம் அவள் ஒருத்தியே. வசந்த்குமாரோ இன்னும் மாப்பிள்ளைகளைச் சிரிக்கச் சொல்லிக் கெஞ்சிக்கொண்டிருந்தார். எரியாமல் என்ன செய்யும்?

"எல்லாம் தெரியும்னு ஆடிக்கினு கீறா. ஒண்ணாவது ஒய்ங்கா தெரியுமா?" என்று மனைவி திலகாவிடம் தினமும் பொருமுவார்.

"நீயும் ஒரு படம் எடேன்யா, யாரு வாணாண்றா?" என்பாள் அவள்.

புதுப் படத்தை ஊரில் போட்டுக்காட்ட பிரிஸ்கில்லாவுக்கு ப்ரொஜெக்டர் வேண்டியிருந்தது. நல்லது அவரிடம்தான் இருந்தது. "நீங்களே வந்து ஓட்டிக் குடுங்கண்ணா" என்றாள். உடனே ஒப்புக்கொண்டார். படம் ஊத்திக்கொள்வதைக் கிட்ட இருந்து பார்க்க வேண்டாமா?

சர்ச்சுக்குப் பக்கத்துச் சமுதாயக்கூடம் நிரம்பிவிட்டது. கல்யாண மண்டபங்களில் வேலை செய்கிறவர்களைப் பற்றிய படம். காய் நறுக்கும் பெண்கள், எச்சில் இலை எடுப்பவர்கள். ஐந்தாவது நிமிஷமே அவருக்குத் தெரிந்துபோயிற்று. படம் நன்றாக இருந்தது, ரொம்பவே நன்றாக. கை தானாக ப்ரொஜெக்டர் லென்ஸுக்குப் போய், வளையத்தை ஒரு நூல் அளவு திருப்பியது. திரை லேசாக மங்கியது.

"இன்னாபா, மங்கலா கீது?" என்றார் முன்வரிசையில் ஒருவர்.

"எடுத்ததே அப்டித்தான்," என்றார் வசந்த்குமார். சொல்லும்போது இனித்தது.

பிறகு திரையில் ஒரு மண்டபம் வந்தது. பிளாஸ்டிக் சேர்மேல் ஏறி, தோளில் கேமராவோடு, கண்ணில் வழியும் வியர்வையைக்கூடத் துடைக்காமல் ஒருவன். எங்கோ பார்த்த சட்டை. அவசரமாக வளையத்தைத் திருப்பினார். முகம் தெளிந்தது. அவரேதான். ஆயிரம் கல்யாணம் எடுத்திருக்கிறார், ஒன்றிலும் அவர் இல்லை. இவள் எப்போது எடுத்தாள்? இப்படி ஒரு ஷாட் தனக்கு ஏன் தோன்றவில்லை என்று வயிறு இன்னும் எரிந்தது. காட்சி மாறியதும் மறுபடி ஒரு நூல் திருப்பினார். தெளிவாகவே விட்டால் மாட்டிக்கொள்வாரே!

கூட்டம் கலைந்தபின் அவர் வயரைச் சுற்றிக்கொண்டிருந்தபோது பிரிஸ்கில்லா வந்தாள்.

"நீங்க வர்ற ஷாட்டு மட்டும் நல்லா ஷார்ப்பா வந்துச்சிண்ணா," என்றாள். குரலில் கோபமே இல்லை.

நாலு திட்டு திட்டியிருந்தாலாவது வீட்டுக்குப் போய்த் திலகாவிடம் பொருமியிருக்கலாம்.