படலையடியில் நின்ற அப்பா

தொண்ணூறுகளின் கடைசியில், ரொறன்ரோவில் திரைப்படம் படித்துக்கொண்டிருந்தபோது எனக்குத் தலைக்கனம் கொஞ்சம் அதிகம். கதையும் வேண்டாம், நடிகரும் வேண்டாம், ஞாபகத்தைப் பற்றியே ஒரு படம் எடுக்கிறேன் என்று கிளம்பினேன். திரையை இரண்டாகப் பிரிப்பது. ஒரே நாளை ஒரு பாதியில் நான் சொல்வேன், மறுபாதியில் அண்ணை சொல்வார். எங்கே முரண்படுகிறோம் என்று பார்ப்பதுதான் படம்.

யாழ்ப்பாணத்து வீட்டை விட்டு நாங்கள் இருவரும் வெளிக்கிட்ட நாள் அது. எனக்கு ஆறு வயது, அண்ணைக்குப் பத்தொன்பது. அம்மா அதற்கு முன்பே இறந்துவிட்டார். எங்களோடு வராத அப்பா அடுத்த வருடம் ஷெல்லடியில் போய்விட்டார். அவருடைய படம்கூட ஒன்றும் மிஞ்சவில்லை. நீலக்கோடு போட்ட சாரத்துடன் வீட்டு வாசல் படலையடியில் நின்று கைகாட்டியவர், அவ்வளவுதான் என்னிடம் இருந்த அப்பா.

என் பாதியைப் பதிந்து முடித்து, இரவல் கமெராவோடு நகரின் ஓரத்தில், ரூஜ் பகுதியில் இருந்த அண்ணை வீட்டு பேஸ்மென்டுக்குப் போனேன். வேலையால் வந்த கையோடு கதிரையில் நிமிர்ந்து இருந்து சொல்லத் தொடங்கினார். எனக்கு எரிச்சல் பற்றிக்கொண்டு வந்தது. ஒரு சொல் பிசகாமல் நான் சொன்னதையே சொல்கிறார். எப்படிப் பிசகும்? கனடா வந்ததும் எங்கள் அகதி வழக்கில் இரண்டு பேர் வாயிலும் ஒரே கதை வரவேண்டும் என்று, எழுதிக்கொடுத்ததைத் தேவாரம் போல எனக்குப் பாடமாக்கியவரே அவர்தானே.

"அண்ணை, உது வழக்குக்குச் சொன்னது. நீங்கள் கண்டதைச் சொல்லுங்கோ."

"கண்டதைத்தான் சொல்லுறன்."

"அப்ப நான் எங்கை நிண்டனான்?"

அண்ணை மறுபடி முதலிலிருந்து சொல்லத் தொடங்கினார். நான் விட்டால்தானே. திரும்பத் திரும்பக் கேட்டேன்.

"நீ நிக்கேல்லை. உனக்குக் காய்ச்சல். என்ரை தோளிலை நல்ல நித்திரை. படலையிலை அப்பாவைக் கண்டது நான் மட்டும்தான்."

"பிறகேன் எனக்குப் பாடமாக்கினீங்கள்?"

"அப்பாவைக் காட்டேல்லையெண்டு கொழும்பிலை சாப்பிடாமல் கிடந்து அழுதனீ. நீயும் கண்டனீ எண்டு சொன்னன், அழுகை நிண்டிட்டுது. பிறகு வழக்குப் பேப்பரிலையும் அப்பிடியே எழுதினம்."

இருந்த ஒரு அப்பாவையும் பறித்துவிட்டார் என்று எனக்குக் கோபம் தலைக்கேறியது. "அப்ப எனக்கெண்டு ஒண்டுமே இல்லையோ?" என்று கத்தினேன்.

அண்ணை கதிரையை எனக்குப் பக்கத்தில் இழுத்துப் போட்டார்.

"இருக்கு. உன்னை எழுப்பட்டோ எண்டு அப்பாட்டைக் கேட்டனான். வேண்டாம், பிள்ளை படுக்கட்டும் எண்டிட்டு, உன்ரை நெத்தியிலை கொஞ்சிப்போட்டுத்தான் அப்பா படலைக்குப் போனவர். அதைச் சொன்னா நீ நித்திரை எண்டதையும் சொல்லவேணுமெல்லே. அதாலை இவ்வளவு வருசமும் வாய் திறக்கேல்லை."

அண்ணையின் சட்டையைப் பிடித்துக்கொண்டு அழுதேன். தூரத்தில் நின்று கைகாட்டிய அப்பாவையே அத்தனை வருடமும் நினைத்துக்கொண்டிருந்திருக்கிறேன். அவர் என் நெற்றிவரை வந்திருக்கிறார்.