சோலையம்மா கழுத்துக்கு வந்த மாலை

மேடையேறி வாயத் தொறந்தா ஊரையே உருட்டி உருட்டிச் சிரிக்க வைக்கிற பொம்பளைக்கு, ஒரு மாலையக் கண்டா ஈரக்கொலை நடுங்கும்னா நம்புவீகளா? நம்பித்தான் ஆகணும். கோச்சடை சோலையம்மாளுக்குப் பாம்பு பயமில்ல, பேய் பயமில்ல. பாராட்டிப் போடுறாகளே, அந்த மாலைதான் பயம்.

அவ நாடகக்காரி. ராணி வேசமெல்லாம் அவளுக்கு ஒத்து வராது. சிரிப்புப் பகுதி, நாடகக்காரக பேச்சுல காமிக், அதுதான் அவ பொழப்பு. ஆம்பளை பபூன் வேசம் கட்டிப் பேசணும், பொம்பளை பக்கத்துல நின்னு ஆடணும், அம்புட்டுத்தான் வழக்கம். இவ அதத் தலைகீழாப் பொரட்டிப்புட்டா. இவ பேசுவா, பபூன் காளை திருதிருன்னு முழிப்பான். பேசுறதெல்லாம் இவளே கட்டுனதுதான். மூணாப்புக்கு மேல படிக்கல. ஆனா உலையில அரிசியப் போட்டுட்டு உக்காந்தான்னா, சோறு வடிக்கிறதுக்குள்ள ஒரு சீனு ரெடி. மத்த நாடகச் செட்டுக்காரகளும் வந்து கேட்டு மனப்பாடம் பண்ணிட்டுப் போவாக. நோட்டீசுல "நகைச்சுவை வசனம்: சோலையம்மாள்"னு கொட்டை எழுத்துல போடுற அளவுக்கு வந்துட்டா.

புருசன் காசிமாயன் லாரியில கிளீனரா பம்பாய்க்குப் போனவன், போனவன் போனவந்தான். செத்தானா, இருக்கானா, அங்குனயே எவளையும் சேத்துக்கிட்டானா, ஒரு தாக்கலும் இல்ல. இவ தாலி அறுத்தவளும் இல்ல, வாழுறவளும் இல்ல. கழுத்துல தாலி மட்டும் கெடந்துச்சு. ஊரு ஊரா ஆடப் போற பொம்பளைக்கு அது ஒண்ணுதான் வேலி, அதுவும் காஞ்ச முள்ளு வேலி.

மாலைக்கு வருவோம். நம்ம பக்கத்துல மேடையில பொம்பளைக்கு மரியாதை பண்ணுனா, மாலையக் கையிலதான் குடுப்பாக. ஆம்பளை ஒருத்தன் அவ கழுத்துல போட்டா அதுக்கு என்ன அர்த்தம்னு தவழுற பிள்ளைக்குக்கூடத் தெரியும். சோலையம்மா கூட ஆடுன அன்னக்கொடிக்கு அந்தக் கொடுமை நடந்துச்சு. ஏதோ ஒரு ஊர்ல ஒரு பெரிய மனுசன் குடிச்ச வேகத்துல மேடையேறி, மாலையக் கழுத்துலயே போட்டுப்புட்டான். கூட்டம் குலவை போட்டுச்சு, விளையாட்டாத்தான். மறுநாளையில இருந்து ஒரு நாடக ஏஜெண்டும் அன்னக்கொடியக் கூப்பிடல. அவருக்கு ஆனவளை நாம எப்பிடிய்யா கூப்பிடுறதுன்னாக. அடப்பாவிகளா, கேக்க வேண்டியவ ஒருத்தி இருக்காளே, அவளைக் கேட்டீகளா? கேக்கல. வருசம் திரும்புறதுக்குள்ள அவ அந்தாளு தோப்புல மோட்டார் ரூமுல சோறாக்கிக்கிட்டு இருந்தா. சோலையம்மா ஒருதரம் பாக்கப் போனா. அன்னக்கொடி ஒருக்களிச்ச கதவுக்குப் பின்னால நின்னுக்கிட்டு, போயிரு போயிருன்னு கையக் காட்டுனா. அன்னைக்குப் புடிச்ச பயம்.

அதுக்கப்புறம் எந்த ஊர்ல பாராட்டுனாலும், பேரச் சொல்றதுக்கு முந்தியே ரெண்டு கையையும் நீட்டிக்கிட்டு நிப்பா. மண்டைக்கனம் புடிச்சவன்னு பேரு வந்துச்சு. வந்தா வந்துட்டுப் போகட்டும்னு இருந்துட்டா.

எழுபத்தொம்பதுல நாகமலை புதுக்கோட்டைக்கு மேற்க ஒரு ஊரு. பேரு வேணாம், இன்னும் ஆளுக இருக்காக. அந்த ஊர்ல பேயாண்டின்னு ஒருத்தரு, ரைஸ்மில்லு, தோப்பு தொரவுன்னு செழிப்பான ஆளு. பங்குனிப் பொங்கலுக்கு வருசா வருசம் அவரு செலவுலதான் நாடகம். முன்னால சேர் போட்டு உக்காந்திருப்பாரு. ஊரே வயித்தப் புடிச்சுக்கிட்டுச் சிரிக்கும். அவரு மட்டும் சிரிக்க மாட்டாரு. சந்தையில கிடா பாக்குறவன் மாதிரி இவளையே பாத்துக்கிட்டிருப்பாரு. சிரிக்க வைக்கிறவளுக்குச் சிரிக்காத மூஞ்சிதான் மொதல்ல கண்ணுல படும். சோலையம்மாளுக்கு அந்த ஊரு நாடகம்னாலே சோறு எறங்காது.

அந்த வருசம் ஏஜெண்டு மருது வீட்டுக்கே வந்துட்டாரு. இவ மேடையேறி இருபது வருசமாச்சாம், பேயாண்டி பாராட்டு விழா வைக்கிறாராம். தங்கப் பதக்கம், பட்டுப் பொன்னாடை, மாலை. நாடகத்துக்கு முந்தி, பொழுது சாயவே விழாவாம். இதையெல்லாம் மருது தலை நிமிராமச் சொன்னாரு. அவரு தலை நிமிராதப்பவே இவளுக்குப் புரிஞ்சு போச்சு.

"மாலையக் கையிலதான் வாங்குவேன்னு சொல்லிட்டீகளாண்ணே?"

"சொன்னேன் தாயி. சிரிச்சாரு."

எத்தனையோ காமிக்குக்குச் சிரிக்காத மனுசன் இதுக்குச் சிரிச்சிருக்காரு.

மாட்டேன்னு சொல்ல வழியில்ல. அவரு சொன்னா சுத்துப்பட்டி ஊரு ஒண்ணும் இந்தச் செட்டைக் கூப்பிடாது, அம்புட்டுப் பேரு வாயிலயும் மண்ணு. காய்ச்சல்னு படுத்துக்கிருவமான்னு நெனைச்சா. போன வருசம் காய்ச்சல்னு சொன்ன ராஜா வேசக்காரனை ஜீப்ப அனுப்பித் தூக்கிட்டு வந்தாரு அந்தாளு. வேன்ல போகையில காளை என்னென்னமோ கேலி பேசிக்கிட்டு வந்தான். இவ காதுல ஒண்ணும் ஏறல. தாலிய இறுக்கிப் புடிச்ச கைய எடுக்கவே இல்ல.

மேடையில மைக்செட்டு அலறுது. கூட்டம் எள்ளுப் போட்டா எள்ளு விழாது. பொம்பளைக பக்கம் முன்னால ஜமுக்காளத்துல பேயாண்டி சம்சாரம் ஒச்சாயி உக்காந்திருந்தா, பெரிய உருவம், கழுத்து நெறைய நகை. யாரோ பேசுனாக, பதக்கத்தக் குடுத்தாக. பொன்னாடை தட்டுல இருந்துச்சு. பேயாண்டி கைத்தண்டியில மாலையத் தூக்கிக்கிட்டு வந்தாரு. சோலையம்மா கைய நீட்டுனா.

அவரு குடுக்கல. "கையில எதுக்கு? கழுத்து இருக்கப்ப,"ன்னாரு, அவளுக்கு மட்டும் கேக்குற மாதிரி. வாயில சாராய வாடை கொஞ்சங்கூட இல்ல. அதுதான் அவளை அடியோட கலக்கிருச்சு. குடிச்சவன்னா விடிஞ்சா மறந்துருவான், இந்த மனுசன் யோசிச்சு வந்திருக்காரு.

அவ ஓரடி பின்னால போனா. அவரு ஓரடி முன்னால வந்தாரு. அவ ஓடுனா.

கூட்டம் கொல்லுன்னு சிரிச்சுச்சு. காமிக் ஆரம்பிச்சிருச்சுன்னு நெனைச்சுருச்சுக சனியனுக. மிருதங்கக்காரன் ஓட்டத்துக்குத் தக்கன அடிக்க ஆரம்பிச்சான், ஆர்மோனியமும் சேந்துக்கிருச்சு. அவ மேடையச் சுத்தி ஓட, மாலையத் தூக்கிக்கிட்டு அவரு வெரட்ட, தாளம் ஏறிக்கிட்டே போகுது. காளையாச்சும் புரிஞ்சுக்கிருவான்னு அவன் பக்கம் ஓடுனா. அந்த மடப்பய ரெண்டு கையையும் விரிச்சு மறிச்சான். "அய்யா, யாராச்சும் காப்பாத்துங்கய்யா"ன்னு கும்பிட்டா. விசில் பறந்துச்சு. நெசமாவே உசுரு போகுதுன்னு அவ கத்தக் கத்த, இப்பிடி ஒரு நடிப்பு இருக்கான்னு கைதட்டுனாக. பயத்துல சேலை நனைஞ்சு தொடையில ஒட்டிக்கிருச்சு. இருபது வருசம் இவுகளைச் சிரிக்க வச்சதுக்கு இதுதானா கூலின்னு அழுகை முட்டிக்கிட்டு வந்துச்சு.

அப்பத்தான் பாத்தா. அம்புட்டுக் கூட்டத்துல ஒரே ஒரு ஆளு சிரிக்கல. ஒச்சாயி.

சோலையம்மா மேடையில இருந்து குதிச்சா. ஜமுக்காளத்துல போயி விழுந்து ஒச்சாயி ரெண்டு காலையும் கட்டிப் புடிச்சுக்கிட்டா. பேயாண்டி பின்னாலயே எறங்கி வந்துட்டாரு. இந்த எடத்துல ஒரு சீனு கட்டுனா என்ன பேச வைப்போம்னு அவ புத்தி எங்கிட்டோ ஒரு மூலையில தேடுச்சு. வயித்துல இருந்து குரல எடுத்து ஊருக்கே கேக்கக் கத்துனா:

"மதினி! அண்ணன் மாலை கொண்டாந்தது ஒங்களுக்குத்தான்! நேரா வந்து போடக் கூச்சமாம், என்னைய வச்சு ஒத்திகை பாக்குறாரு!"

சிரிப்புல பந்தல் கிழிஞ்சிருச்சு. பொம்பளைக குலவை போட்டாக. அம்புட்டுப் பேருக்கு முன்னால அண்ணன்னு சொல்லிப்புட்டா, இனி என்ன பண்ண? பேயாண்டி நின்னாரு. மீசை துடிச்சுச்சு. சுத்திப் பாத்தாரு, ஊரே அவரைப் பாத்துச்சு. மாலையப் பொண்டாட்டி கழுத்துல போட்டுட்டு, சேர்ல போயி உக்காந்துக்கிட்டாரு.

ஒச்சாயி எந்திரிச்சா. அந்தப் பொன்னாடையக் கொண்டாங்கடான்னா. தோள்ல போடப் போறான்னு எல்லாரும் பாத்தா, அவ பொன்னாடைய விரிச்சுச் சோலையம்மா இடுப்பச் சுத்திக் கட்டி, ஒரு முடிச்சையும் போட்டா. அதுக்கும் சிரிப்பு. முடிச்ச இறுக்குற சாக்குல காதுகிட்டக் குனிஞ்சா.

"சேலை நனைஞ்சிருக்கு. வேன்ல ஏறுற மட்டும் இத அவுக்காத. இனி இந்த ஊருக்கு வந்துராத ஆத்தா."

அன்னைக்கு முழு நாடகத்தையும் அந்தப் பொன்னாடையோடயே ஆடி முடிச்சா. அந்த ஊருப் பக்கம் அப்புறம் தலை வச்சுப் படுக்கல.

ஆனா சனம் விடுமா? ஆனையூர்ல ஆடப் போனா "மாலை காமிக்"குன்னு கத்துதுக, போற ஊர்லயெல்லாம் அதே கூப்பாடு. காளை மாலையத் தூக்கிக்கிட்டு வெரட்டணும், இவ ஓடணும், கடைசியில பொன்னாடைய இடுப்புல கட்டிக்கிறணும். காளைதான்னு தெரியும், காகிதப்பூ மாலைதான்னும் தெரியும். தாளம் ஏற ஏற, ஒவ்வொரு தடவையும் அவளுக்கு நெசமாவே மூச்சு முட்டும். பொழப்புன்னு ஒண்ணு இருக்கே, ஓடுனா.

எம்பத்து நாலுல மதுரையில ஒரு மன்றத்துக்காரக அதுக்கு விருது குடுத்தாக. சிறந்த நகைச்சுவைக் காட்சிக்கு வெள்ளிக் கேடயம். மன்றச் செயலாளர் ஹாலாஸ்யம் ரொம்ப மரியாதைப்பட்ட மனுசன், மாலையக் கையிலதான் குடுத்தாரு. நல்லாவும் பேசுனாரு. தோளில் அணிய வேண்டிய பொன்னாடையை இடுப்பில் கட்டினாரே, இந்தக் கற்பனை வேறு யாருக்கு வரும்னு கேட்டாரு. மைக்க அவ கையில குடுத்தாக.

"அத நான் எழுதலங்க. எழுதுனது ஒச்சாயின்னு ஒரு அம்மா,"ன்னா.

மண்டபம் குலுங்கிச் சிரிச்சுச்சு. ஹாலாஸ்யமும் கண்ணாடியக் கழட்டிக் கண்ணத் தொடைச்சுக்கிட்டாரு. சிரிப்பு அடங்கட்டும்னு நின்னா.

"நெசமாத்தாங்க. அன்னைக்கு நான் பயந்து செத்தேன்,"ன்னா.

அதுக்கு இன்னும் சத்தமாச் சிரிச்சாக. சோலையம்மா மைக்கத் திருப்பிக் குடுத்தா. கேடயத்த நெஞ்சோட அணைச்சுக்கிட்டுப் படியெறங்கி வந்துட்டா.