சாகாத துணை நடிகர்

கள்ளிக்குப்பம் ஃபிளாட்டில் பழைய ஜப்பானியப் படம் ஒன்றைப் பார்த்துக்கொண்டிருந்தேன். முகம் தெரிந்த துணை நடிகர் ஒருவர் வாள்வெட்டில் விழுந்தார். அதற்குமேல் உட்கார முடியவில்லை.

சிறுவயதில், ஆவடி குவார்ட்டர்ஸ் திரைப்பட மன்றத்தில் அவர் நடித்த ஜப்பானியப் படங்களைத் திரையிடுவார்கள். காவலராக, சமையற்காரராக வந்து பாதியிலேயே செத்துப்போவார். தொழிற்சாலையிலிருந்து கிரீஸ் வாடையோடு நேராக வரும் அப்பா, "ஹீரோவ உடும்மா, அந்தாளப் பாரு" என்பார். ஒரே ஒரு படத்தில் அவர் கடைசிவரை உயிரோடு இருந்தார். அப்பா எழுந்து நின்று தனியாளாகக் கைதட்டினார். எல்லோரும் சிரித்தார்கள். நான் வெட்கத்தில் பின்வரிசைக்கு ஓடிவிட்டேன்.

அறைக்குள் நடந்தபடியே அப்பாவை ஃபோனில் அழைத்தேன்.

"அன்னிக்கு மன்றத்துல நீ கைதட்டினப்போ நான் எழுந்து ஓடினேனே, பாத்தியாப்பா?"

"பாத்தேம்மா. அதான் உடனே உக்காந்துட்டேன்."