நீங்கள் வெட்டிய காயல்

படத்தை வெட்டியது நீங்கள்தான், முதலாளி. ஹட்டனில் சினிமாக் கொட்டகை வைத்திருக்கும் உங்களைத்தான் சொல்கிறேன். "கொழும்பிலிருந்து ரீல் வந்ததே அப்படித்தான்" என்று இத்தனை வருடமாக ஊரெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறீர்களே, அது பொய்.

அப்போது நான் டிக்கோயாப் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து எடுத்துக்கொண்டிருந்தேன். ஹட்டன் டவுன் பேக்கரியில் மாவு பிசைகிற மலையாளத்துக்காரர் ஒருவர் என்னைக் கட்டிக்கொள்ளக் கேட்டிருந்தார். அவருடைய விசா முடிகிறது, மாதக் கடைசியில் ஊருக்குப் போயே ஆக வேண்டும். கூட வா என்றார். நான் இலங்கைப் பிரஜாவுரிமைக்கு மனுப் போட்டிருந்தேன். போனால் திரும்பி வர முடியாது. பார்க்காத ஊருக்கு எதை நம்பி வருவது என்று கேட்டேன்.

"ஞாயித்துக்கிழமை மலையாளப் படம் வருது. எங்க காயல்லதான் எடுத்தாங்களாம், வீட்ல இருந்து எழுதியிருக்காங்க. நாங்க தோணி கட்டுற கடவும் வருதாம். பாத்துட்டு சொல்லு" என்றார்.

காயல் என்றால் கடலும் ஆறும் கலந்து அசையாமல் கிடக்கிற தண்ணீராம். வீட்டு வாசலுக்கே தோணி வருமாம். அந்த வாரம் முழுக்க மலைச்சரிவில் பனி ஏறி வந்தால் எனக்கு அது தண்ணீராகத்தான் தெரிந்தது. தேயிலைச் செடிகளுக்கு நடுவே நிரைக்கு நிரை தோணியில் போனேன். கங்காணி இரண்டு தடவை ஏசினார்.

ஞாயிற்றுக்கிழமை நல்ல மழை. கொட்டகைத் தகரத்தில் மழை விழுந்தால் எந்தப் பாஷைப் படமும் ஒன்றுதான், ஒரு வார்த்தை கேட்காது. அதனால் அவர் எழுந்து நின்று எங்கள் வரிசைக்குக் கதை சொல்லிக்கொண்டு வந்தார். தமிழ்ப் படத்தில் ராஜாவையும் அரண்மனையையும் பார்த்துப் பழகிய சனம் நாங்கள். இதில் ஓலை வீடு, மரவள்ளிக்கிழங்கு, அண்ணன் தம்பி சண்டை, தேங்காய் மட்டையை அடித்துக் கயிறு திரிக்கும் பெண்கள்.

"கெழங்கு திங்கிறத பாக்கவா டிக்கெட் எடுத்தோம்? லயத்துலயே இருந்திருக்கலாமே" என்றாள் எங்கள் லயன் வீட்டு வரிசையில் பக்கத்துக் காம்பராவில் குடியிருப்பவள்.

"சும்மா இருடி. அவளுக கையப் பாரு" என்றேன்.

ஊறிய மட்டையில் வெடித்துப்போன விரல்கள். எங்கள் விரல்கள் குளிரிலும் கொழுந்திலும் வெடிப்பது போலவே. அவர்கள் பேசியது காதில் விழவில்லை, ஆனால் என்ன பேசியிருப்பார்கள் என்று எனக்குத் தெரிந்தது. அந்த ஊரில் எனக்கும் ஓர் இடம் இருக்கும் என்று முதல் தடவையாகத் தோன்றியது.

பிறகு ஒரு தோணி கிளம்பியது. திரை முழுக்கத் தண்ணீர். மேலே மழை, எதிரே காயல். என் கால் தரையில் இருந்த மாதிரியே இல்லை.

"இந்த வளைவு திரும்பினா எங்க கடவு" என்றார். தோணி வளைவுக்கு வந்தது.

அவ்வளவுதான். திடீரென்று ஓர் அரண்மனை, பத்துப் பெண்கள் ஆடுகிறார்கள். ஏதோ ஒரு தமிழ்ப் படத்து ஆட்டம். கொட்டகையே விசிலடித்தது.

"யாருங்க இவ, மூத்தவன் சம்சாரமா?" என்று பின்னாலிருந்து ஒருவர் அவரைக் கேட்டார். அவர் திரும்பிப் படம் ஓட்டுகிற அறையின் ஜன்னலைப் பார்த்தார். ஆட்டம் முடிந்து மலையாளப் படம் திரும்பி வந்தபோது எல்லோரும் கரையேறி வீட்டுக்குள் இருந்தார்கள்.

படம் விட்டதும் இரண்டு பேரும் உங்கள் அறைக்கு வந்தோம். வெட்டிய துண்டை மட்டும் ஒரு தடவை ஓட்டிக் காட்டச் சொல்லி அவர் கெஞ்சினார்.

"தோட்டத்துச் சனம் தண்ணியப் பாத்துக்கிட்டு ஒக்காந்திருக்குமா? அதான் வெட்டிட்டு ஆட்டம் போட்டேன். ஆறு பாக்கணும்னா கொத்மலைக்குப் போங்க" என்றீர்கள். அறையில் இருந்தவர்கள் எல்லாம் சிரித்தார்கள்.

டிக்கோயா வரைக்கும் நடந்தோம். தன் ஊர்க் காயலை வைத்து எல்லோரும் சிரித்த பிறகு அந்த மனுசருக்குக் கடவைப் பற்றிப் பேச வாய் வரவில்லை. எனக்கும் கேட்க மனம் வரவில்லை. வருகிறேன் என்று சொல்லும் அளவுக்கு நான் எதையும் பார்த்திருக்கவும் இல்லை. மாதக் கடைசியில் அவர் தனியாக ரயிலேறினார்.

முழுப் படத்தையும் பார்த்திருந்தால் போயிருப்பேன் என்று சத்தியம் பண்ண மாட்டேன். வேண்டாம் என்றுகூடச் சொல்லியிருக்கலாம். அதை நான் பார்த்துவிட்டுச் சொல்லியிருக்க வேண்டும். எங்கள் கண் எதைப் பார்க்கலாம் என்று நீங்கள் முடிவு பண்ணினீர்கள்.

உங்கள் கொட்டகை இன்றும் நடக்கிறது. வருகிற ஞாயிற்றுக்கிழமை படம் தொடங்கும் முன் திரைக்கு முன்னால் வந்து நின்று, உட்கார்ந்திருக்கும் தோட்டத்துச் சனத்திடம் சொல்லுங்கள். வெட்டியது யார்? தண்ணீரைப் பார்க்க எங்களுக்குத் தெரியாது என்று உங்களிடம் சொன்னது யார்?