மூன்றாம் ஓலைக்கு முந்தின நாள்

மாடியில் கிடந்த மூட்டையைக் காணவில்லை. தேவகிருபை மூலை முடுக்கெல்லாம் தேடிவிட்டாள்.

போடியில் ஏலக்காய்க் கடை வைத்திருக்கும் ஐசக்கின் மூத்த மகள் அவள். ஐம்பத்தாறாம் வருஷம் பிறந்ததும் எவனோ கம்பெனிக்காரன் அப்பாவுக்குக் கொடுத்த டயரி சும்மா கிடந்தது. அதை எடுத்து, மேலே தன் பெயரைப் போட்டு எழுதத் தொடங்கினாள். முதலில் என்ன குழம்பு, யார் வீட்டில் விசேஷம் என்ற சங்கதிதான். இதற்கு ஒரு டயரியா என்று அவளுக்கே சிரிப்பு வரும். போகப்போக, அவளுக்கே பழக்கமில்லாத ஒருத்தி அதில் பேச ஆரம்பித்தாள். வீட்டில் எல்லாவற்றுக்கும் தலையாட்டுகிறவள், அதில் கோபப்பட்டாள்.

கல்யாணத்துக்கு முன் மூன்று ஞாயிறு வேதக்கோயிலில் கல்யாண அறிவிப்பு ஓலை வாசித்து, தடை உண்டா என்று சபையைக் கேட்பார்கள். மூன்றாவதும் முடிந்தால் பிறகு பேச்சே கிடையாது. முதல் ஓலை வாசித்த அன்று அந்த ஒருத்தி எழுதினாள்: ‘எனக்கு இந்தக் கல்யாணம் வேண்டாம்.’ மாப்பிள்ளை தானியேலைக் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனாலும் வேண்டாம்.

எழுதியவளே பயந்துபோய், டயரியை ஏலக்காய் மூட்டைக்குள் ஆழமாகச் செருகினாள். விலை ஏறாமல் அப்பா அதைத் தொடமாட்டார். விலை ஏறவும் செய்யும் என்பது வியாபாரி மகளுக்குத் தோன்றாமல் போயிற்று பாருங்கள். நேற்று ஏறிவிட்டது.

கடைக்கு ஓடினாள். பின்கட்டில் பெண்கள் அந்த மூட்டையைக் கொட்டிக் காய் பொறுக்கிக்கொண்டிருந்தார்கள். அப்பா கையில் டயரி இருந்தது.

“கிருபையா? இந்தா, சுருளியம்மா மூட்டையில இருந்து எடுத்துக் குடுத்துச்சு. மேல ஒன் பேரு கெடந்துச்சு, நான் பிரிக்கல. அடுத்தவுக எழுதினத வாசிக்கலாமா? வெரசா வீட்டுக்குப் போ ஆத்தா. நாளைக்கு மூணாம் ஓலை, சோலி கெடக்கு.”

ஸ்தோத்திரம் சொல்ல வேண்டிய நேரம். அவளுக்கோ அழுகை முட்டிக்கொண்டு வந்தது. வாசித்துத் தொலைத்திருக்கக் கூடாதா இந்த மனுஷர்! அவர் வாசித்துவிட்டால் தன் வாயால் சொல்ல வேண்டியதில்லை என்ற ஆசை உள்ளே ஒளிந்து கிடந்திருக்கிறது. இத்தனை பக்கம் எழுதியும் அதை மட்டும் அவள் எழுதவே இல்லை.

“இன்னும் போகலையா?”

“அப்பா, அந்த ஓலைய வாசிக்க வேண்டாம்னு போதகர்ட்ட சொல்லுங்க. எனக்கு இந்தக் கல்யாணம் வேண்டாம்.”

காய் பொறுக்கிய கைகளெல்லாம் நின்றன. ஐசக் மகளையே பார்த்தார்.

“இப்படிப் பேசச் சொல்லி ஒனக்கு யாரு சொல்லிக் குடுத்தா?”

தேவகிருபை கையிலிருந்த டயரியைப் பார்த்தாள்.

“யாருமில்லப்பா. நாந்தேன்.”