ஒரே டேக்கில் அழுதவள்

திண்டிவனம் முனியம்மாளுக்கு சினிமாவில் கதாநாயகி வேஷம் ஒருநாளும் கிடைத்ததில்லை. கறுப்பு வெள்ளைக் காலத்தில் கும்பலோடு கும்பலாக நின்றாள். அப்புறம் தாலியறுக்கிற காட்சி என்றாலே அவளைத்தான் கூப்பிட்டார்கள். கிளிசரின் பாட்டிலை அவள் தொட்டதே இல்லை. டிவி வந்த பிறகு நாடகங்களிலும் அதே பிழைப்புதான். எத்தனை பேருக்குப் பெண்டாட்டியாக அழுதாளோ, யார் கண்டது!

ஆனால் சொந்தப் புருஷன் சீனுவாசன் செத்தபோது அவள் அழவில்லை. கெடார் கிராமத்தில் மல்லாட்டை என்கிற வேர்க்கடலை பிடுங்கப் போன மனிதர் பாம்பு கடித்துப் பிணமாக வந்தார். ஒப்பாரி வைக்க வந்த பெண்கள் அவளைக் கட்டிப்பிடித்துக்கொண்டே முகத்தை முகத்தைப் பார்த்தார்கள். "இன்னா நடிக்கப்போறாளோ பாரு" என்று ஒருத்தி காதில் விழும்படியே சொன்னாள். அவ்வளவுதான், கண் காய்ந்துவிட்டது. பாவி மகள், முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு கல் மாதிரி உட்கார்ந்திருந்தாள். போதாததற்குக் கருமாதிக்கு முன்பே ஷூட்டிங்குக்கு வேறு கிளம்பிப் போனாள். ஊரே காறித் துப்பியது.

அப்போது மகன் மணிமாறன் பள்ளிக்கூடப் பையன். அன்றிலிருந்து அம்மா நடித்த எதையும் அவன் பார்த்ததில்லை. குடித்த நாளில் மட்டும் கேட்பான்: "எவனெவனுக்கோ அழுதியே, எங்கப்பனுக்கு ஒரு சொட்டு வரலியே?" அவள் சோற்றைப் போட்டு வைப்பாள். நடந்ததைச் சொன்னால் அது இன்னும் கேவலம் என்று நினைத்தாள். அந்தக் குற்றம் நாற்பது வருஷமாக அவள் நெஞ்சை அறுத்தது.

போன ஞாயிற்றுக்கிழமை மருமகள் இளவரசி யூடியூபில் ஒரு பழைய நாடகத்தைப் பிடித்துவிட்டாள்.

"அத்தை, இது நீங்கதான? வந்து பாருங்க."

மணிமாறன் பக்கத்திலேயே நின்று, விழுப்புரம் கிளம்பச் சட்டை மாட்டிக்கொண்டிருந்தான். முனியம்மாள் போனை மறைக்கக் கை நீட்டினாள். "வேணாம்மா, நிறுத்து" என்றாள். இளவரசி கேட்டால்தானே.

செல்போனுக்குள் கடற்கரை, மீனவன் பிணம், அதன்மேல் விழுந்து புரளும் இளவயது முனியம்மாள். "கெடாருக்குப் போயி மல்லாட்டை புடுங்கிட்டு சாயந்திரம் வந்துர்றேன்னு சொன்னியே, இப்டியாய்யா வருவ?"

இளவரசி சிரித்துவிட்டாள். "கடல்ல செத்தவனுக்கு ஏது அத்தை மல்லாட்டை?"

வசனத்தில் இல்லாத பேச்சுதான். அழுகை அப்படி அமைந்துவிட்டதே என்று டைரக்டர் அதை வெட்டாமல் விட்டிருந்தார்.

மணிமாறன் பட்டன் போடுவதை நிறுத்தினான். போனை வாங்கி மறுபடியும் ஓடவிட்டுக் கேட்டான். அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டான்.

"கருமாதிக்கு முன்ன போனியே, அன்னிக்கு எடுத்ததாம்மா இது? இத்தினி வருஷமா நான் பேசுனதெல்லாம் கேட்டுக்கினு இருந்தியே, ஒரு வார்த்தை சொல்லக்கூடாதா?"

"இன்னான்னு சொல்றது? வூட்ல அரிசிகூட இல்ல. உங்கப்பனுக்கு அழுத அழுகையை வித்துதான்டா அவருக்குக் கருமாதி பண்ணேன்."